மொட்டு விரியும் நேரம் பார்த்து வரும் புழு

2016 ஜூலையில் ஒரு நாள் இரவு, கனடாவின் நியூ பிரன்ஸ்விக் மாகாணத்தின் வடபகுதியில் வானிலை ரேடார் ஒரு பெரிய திட்டைக் காட்டியது. மழைமேகம் என்றே யாரும் நினைத்திருப்பார்கள். ஆனால் மழை பெய்யவில்லை. காற்றில் மிதந்து வந்து இறங்கியவை அந்துப்பூச்சிகள். கேம்ப்பெல்டன் என்ற சிறிய ஊரில் செத்த பூச்சிகள் குவியல் குவியலாகக் கிடந்தன. ஒரு பூச்சி இறக்கையை முழுதாக விரித்தாலே இரண்டு சென்டிமீட்டர் சொச்சம்தான் இருக்கும். அப்படியானால் ரேடாரில் தெரியும் அளவுக்குத் திரள எத்தனை பூச்சிகள் பறந்திருக்க வேண்டும்!

அந்தப் பூச்சிக்கு ஆங்கிலத்தில் ஸ்ப்ரூஸ் பட்வார்ம் என்று பெயர். நாம் ஸ்ப்ரூஸ் மொட்டுப்புழு என்று வைத்துக்கொள்வோம். அறிவியல் பெயர் கோரிஸ்டோநியூரா ஃபுமிஃபெரானா. 1865-ல் இதை முதலில் விவரித்தவர் பிராக்கன்ரிட்ஜ் கிளெமென்ஸ் என்ற அமெரிக்கப் பூச்சியியலாளர். இது எங்கிருந்தோ கப்பலேறி வந்து காட்டைக் கெடுக்கும் அந்நியப் பூச்சி அல்ல. கிழக்கே நியூஃபவுண்ட்லாந்து தீவிலிருந்து வடமேற்கே யூகான் வரையும், தெற்கே அமெரிக்காவின் மெய்ன், மினசோட்டா மாநிலங்கள் வரையும் பரந்து கிடக்கும் குளிர்காட்டின் சொந்தப் பிள்ளை. இதை முதலிலேயே சொல்லிவிடுவது நல்லது. பிறகு வரும் எல்லாக் கேள்விக்கும் பதில் இதில்தான் தொடங்குகிறது.

அந்தக் காட்டைப் பற்றி ஒரு வார்த்தை. அங்கே பெரும்பாலும் ஊசியிலை மரங்கள்தான். அகன்ற இலைக்குப் பதில் ஊசி ஊசியாக இலை விடும், விதையைக் கூம்புக்குள் வைத்திருக்கும் மரங்கள். நம் கதைக்கு மூன்று போதும்: பால்சம் ஃபிர், வெள்ளை ஸ்ப்ரூஸ், கறுப்பு ஸ்ப்ரூஸ். பால்சம் ஃபிர்ரைப் படத்திலாவது பார்த்திருப்பீர்கள். அந்தப் பக்கத்து வீடுகளில் கிறிஸ்துமஸுக்கு வெட்டி வந்து அலங்கரிக்கிற, நல்ல வாசனை அடிக்கிற மரம் பெரும்பாலும் அதுதான்.

பூச்சியின் தோற்றத்தைச் சொல்வதில் ஒரு சிக்கல் இருக்கிறது. ஒரே கிளையில் பிறந்த பூச்சிகளை வரிசையாக வைத்தால் ஒன்று சாம்பல் நிறம், ஒன்று பழுப்பு, இன்னொன்று துரு நிறம். முன் இறக்கையில் வெளிறிய திட்டுகள் இருக்கும். அவையும் ஒன்றில் பளிச்சென்றும் இன்னொன்றில் மங்கலாகவும் தெரியும். ஆக, நிறத்தை வைத்து அடையாளம் சொல்ல முடியாது. போதாக்குறைக்கு நெருங்கிய உறவுக்காரப் பூச்சிகள் வேறு. மேற்கே டக்ளஸ் ஃபிர் மரத்தைத் தின்னும் மேற்கத்திய மொட்டுப்புழு ஒன்று. ஜாக் பைன் மரத்தில் வாழ்வது ஒன்று. மேற்கின் மலைக்காடுகளில் ஒரு தலைமுறையை முடிக்க இரண்டு ஆண்டு எடுத்துக்கொள்வது மற்றொன்று. இறக்கையை மட்டும் பார்த்து இவற்றைப் பிரிப்பது நிபுணர்களுக்கே தலைவலி. அதனால் எந்த மரத்தில் கிடைத்தது, எந்தப் பகுதியில் கிடைத்தது, மரபணு என்ன சொல்கிறது என்றெல்லாம் சேர்த்துப் பார்க்கிறார்கள். பெண் பூச்சி ஆணை அழைக்க வெளியிடும் வாசனைப் பொருளும் உதவுகிறது. ஜாக் பைன் பூச்சியின் வாசனைச் சேர்மம் வேறு வகை. நம் கண் ஏமாந்தாலும் ஆண் பூச்சியின் மூக்கு ஏமாறுவதில்லை.

சரி, இதன் ஓர் ஆண்டைப் பார்ப்போம். எனக்கு இந்தப் பூச்சியில் மிகவும் பிடித்த பகுதி இதுதான்.

ஜூலையில் பெண் பூச்சி ஊசியிலைகளின் மேல் முட்டையிடுகிறது. இளம்பச்சை முட்டைகள், ஓடு வேய்ந்தது போல ஒன்றின் மேல் ஒன்று படிந்து, கொத்துக்குச் சுமார் 20 இருக்கும். ஒரு பெண் மொத்தமாக 200 வரை இடக்கூடும். பத்து நாளில் பொரிந்து புழு வெளிவருகிறது. கோடை இன்னும் முடியவில்லை, சுற்றிலும் பச்சை ஊசிகள். ஆனால் அந்தக் குட்டிப் புழு ஒரு வாய்கூடத் தின்பதில்லை. நேராகக் கிளையின் உட்பகுதிக்குப் போய், பட்டையின் செதிலுக்கு அடியிலோ பழைய பூவின் அடித்தண்டிலோ பாசிப் படலத்துக்குள்ளோ ஓர் இடுக்கைத் தேடி, பட்டுநூலால் சின்னதாக ஒரு கூடு பின்னிக்கொள்கிறது. உள்ளேயே ஒருமுறை தோலுரித்து இரண்டாம் வளர்ச்சிப் பருவத்துக்கு மாறி, அப்படியே உறங்கிவிடுகிறது. ஆகஸ்ட் முதல் ஏப்ரல் கடைசி வரை, உறைபனி, பனிப்புயல் எல்லாவற்றையும் கடந்து, முட்டைக்குள் கிடைத்த சத்தை மட்டும் வைத்து ஒப்பேற்றுகிறது. வாழ்க்கையின் முக்கால் பங்கு உறக்கத்திலேயே போய்விடுகிறது.

வசந்தத்தில் வெயில் ஏறியதும் புழு விழிக்கிறது. இங்கேதான் சிக்கல். அது விழிக்கும்போது மரத்தின் புதிய மொட்டுகள் பெரும்பாலும் இன்னும் திறந்திருக்காது. அதற்கு வேண்டியது அந்த மொட்டுக்குள் இருக்கும் மென்மையான, சத்து நிறைந்த இளந்தளிர். அதுவரை இடைக்காலச் சாப்பாடாகப் பழைய ஊசியிலை ஒன்றைத் துளைத்து உள்ளே நுழைந்து தின்னும். அந்த ஆண்டு ஆண்பூக்கள் இருந்தால் மகரந்தத்தைத் தின்னும். அது இன்னும் வசதி. மொட்டு விரியத் தொடங்கியதும் உள்ளே புகுந்துவிடும்.

சீக்கிரம் விழித்தால் பட்டினி. தாமதித்தாலும் ஆபத்துதான்: தளிர் முற்றி, ஊசி கடினமாகி, சத்துக் குறைந்துவிடும், அதைத் தின்று வளரும் பெண் பூச்சி சிறுத்துப்போய் குறைவான முட்டைதான் இடும். அந்தச் சில வார இடைவெளிக்குள் புழுவும் தளிரும் ஒன்றையொன்று சந்தித்தாக வேண்டும். மொட்டுப்புழுவைப் பற்றி நீங்கள் வேறு எதை மறந்தாலும் இந்த ஒன்றை மட்டும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். எந்த மரம் சாகும், எது பிழைக்கும், எந்த ஊரில் பூச்சி இருக்கும் என்பதையெல்லாம் பெருமளவு தீர்மானிப்பது இந்த நேரக்கணக்குதான்.

புழு மொத்தம் ஆறு பருவங்களைக் கடக்கிறது. முதல் நான்கில் என்ன தின்றாலும் மரம் பெரிதாக உணராது. ஆறாவது பருவம் வரும்போதுதான் அகோரப் பசி. வாழ்நாளில் தின்பதில் பெரும்பங்கும் அப்போதுதான். அதுவும் ஒழுங்காகத் தின்னாது. ஊசியை அடியில் கடித்துத் துண்டாக்கி, கொஞ்சம் தின்று, மிச்சத்தைப் பட்டுநூலில் தொங்கவிட்டுவிட்டு அடுத்ததற்குப் போகும். அந்த மிச்சங்கள் காய்ந்து செம்பழுப்பாக மாறுவதால், ஜூன் கடைசியில் விமானத்திலிருந்து பார்த்தால் தீப்பட்ட காடோ என்று தோன்றும். வன அலுவலர்கள் பாதிப்பை வரைபடமாக்குவதும் வானிலிருந்து இந்த நிறத்தைப் பார்த்துத்தான். முழுதாக வளர்ந்த புழு இரண்டு சென்டிமீட்டருக்கு மேல் இருக்கும். கரும்பழுப்பு உடம்பு, அதில் வெளிறிய புள்ளிகள், கருத்த தலை. பிறகு கூட்டுப்புழு, பத்து நாள் போல அதிலிருந்துவிட்டு அந்துப்பூச்சியாக வெளியே வரும். ஆண்டுக்கு ஒரே தலைமுறை.

பூச்சி பறப்பதற்கும் ஒரு முறை உண்டு. பெண் பூச்சி கூட்டைவிட்டு வெளிவரும்போது வயிறு நிறைய முட்டை. பாரத்தில் சரியாகப் பறக்கவே முடியாது. அதனால் பிறந்த இடத்திலேயே ஒரு பங்கை இட்டுவிட்டு, இலேசான பிறகு அந்தி நேரத்தில் காட்டுக்கு மேலே எழும்புகிறது. சில நூறு மீட்டர் உயரத்தில் காற்று பிடித்துக்கொண்டால், ஒரே இரவில் நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் போய்விடும். கேம்ப்பெல்டனில் இறங்கியவை அப்படி வந்தவைதான்.

இனி மரங்கள். பெயரில் ஸ்ப்ரூஸ் இருந்தாலும் அதிகம் அடிபடுவது பால்சம் ஃபிர். அதன் மொட்டு விரியும் காலம் புழுவின் கணக்கோடு நன்றாகப் பொருந்துகிறது. வெள்ளை ஸ்ப்ரூஸையும் புழு நன்றாகவே தின்னும், ஆனால் அதற்குத் தாங்கும் சக்தி அதிகம். கறுப்பு ஸ்ப்ரூஸ் தப்பிப்பது வேறு காரணத்தால். அது ஃபிர்ரை விட ஏறத்தாழ இரண்டு வாரம் கழித்தே மொட்டு விடும். புழு வந்து பார்க்கும்போது கதவு சாத்தியிருக்கிறது. விஷம் இல்லை, முள் இல்லை. தாமதம்தான் அதன் தற்காப்பு.

ஓர் ஆண்டின் தளிர் முழுதும் போனாலும் ஃபிர் மரம் சாகாது. அதன் ஊசிகள் பல ஆண்டுகள் உதிராமல் இருப்பவை; பழைய ஊசிகளைக் கொண்டு சமாளித்துக்கொள்ளும். அடுத்தடுத்து நான்கைந்து ஆண்டுகள் கடுமையாகத் தின்னப்பட்டால்தான் ஃபிர் மரங்கள் சாகத் தொடங்கும். ஸ்ப்ரூஸ் இன்னும் சில ஆண்டுகள் தாக்குப்பிடிக்கும். இதில் ஒரு வசதியும் உண்டு: முதல் அறிகுறியைப் பார்த்த பிறகும் என்ன செய்யலாம் என்று யோசிக்க அவகாசம் இருக்கிறது.

சாதாரண ஆண்டுகளில் இந்தப் புழுவைத் தேடினாலும் கண்டுபிடிப்பது கடினம். அவ்வளவு அரிதாக இருக்கும். ஆனால் சுமார் 30 முதல் 40 ஆண்டுகளுக்கு ஒருமுறை எண்ணிக்கை பல ஆயிரம் மடங்கு பெருகி, பத்தாண்டு போல ஆட்டம் போட்டுவிட்டு, திரும்பக் காணாமல் போகும். இருபதாம் நூற்றாண்டில் கிழக்குக் கனடா மூன்று பெரும் பெருக்கங்களைக் கண்டது: 1910-களில் ஒன்று, 1940-களில் ஒன்று, 1970-களில் ஒன்று. மூன்றாவதுதான் மிகப் பெரியது. 1975 வாக்கில் 5 கோடி ஹெக்டேருக்கு மேற்பட்ட காடு பாதிக்கப்பட்டிருந்தது. ஸ்பெயின் நாடு முழுவதும் ஏறத்தாழ அவ்வளவு பரப்புதான்.

ஏன் இந்த அலை? முதலில் எல்லோருக்கும் தோன்றும் பதில்: உணவு தீர்ந்தால் புழு குறையும், காடு வளர்ந்தால் புழு கூடும். அதில் உண்மை இல்லாமலில்லை, ஆனால் போதவில்லை. 1940-களின் நடுவில் நியூ பிரன்ஸ்விக்கின் வடமேற்கில் கிரீன் ரிவர் பகுதியில் ஓர் ஆய்வு தொடங்கியது. ஆண்டுதோறும் கிளைகளை வெட்டி வந்து முட்டை, புழு, கூட்டுப்புழு என்று எண்ணி, எந்தப் பருவத்தில் எத்தனை சாகின்றன என்று கணக்கெழுதினார்கள். ஆர். எஃப். மாரிஸ் தொகுத்த முடிவுகள் 1963-ல் வெளிவந்தன. காட்டுப் பூச்சி ஒன்றைப் பற்றி அவ்வளவு பொறுமையாக எடுத்த கணக்கு உலகிலேயே அரிது.

அந்தக் கணக்கிலிருந்து இரண்டு விளக்கங்கள் பிறந்தன. ஒன்று, காட்டுக்கு இரண்டு நிலைகள் உண்டு என்பது. இளங்காட்டில் பறவைகளே புழுவை அடக்கி வைத்துவிடும். மரங்கள் வளர்ந்து இலைப்பரப்பு கூடும்போது, ஒரு கட்டத்துக்கு மேல் பறவைகளால் தின்று தீர்க்க முடியாது. புழு கைமீறிப் போய் இன்னொரு நிலைக்குத் தாவிவிடும். 1978-ல் லட்விக், ஜோன்ஸ், ஹோலிங் மூவரும் இதைச் சமன்பாடாக எழுதினார்கள். உயிரியலுக்கான கணிதம் படிக்கும் மாணவர்கள் இன்றும் அதைப் போட்டுப் பார்க்கிறார்கள். புழுவை நேரில் பார்த்தே இராத எத்தனையோ பேருக்கு அதன் சமன்பாடு தெரியும்.

இன்னொரு விளக்கத்தை 1984-ல் ரொயாமா என்ற ஆய்வாளர் முன்வைத்தார். அவர் அதே கணக்குகளைத் திரும்ப எடுத்து அலசி, திடீர்த் தாவல் எதுவும் நடக்கவில்லை என்றார். எண்ணிக்கை மெதுவாக ஏறி மெதுவாக இறங்கும் ஊசலாட்டம்தான்; அதை நடத்துவது ஒட்டுண்ணிக் குளவிகளும் ஈக்களும் நோய்களும். குளவி புழுவின் உடம்புக்குள் முட்டையிடுகிறது. அதன் குஞ்சு புழுவை உள்ளிருந்தே தின்கிறது. புழு கூடினால் குளவியும் கூடும். ஆனால் உடனே இல்லை, சில ஆண்டுகள் பின்தங்கி. குளவிகள் போதுமான அளவு பெருகும்போது புழு உச்சத்தில் இருக்கும்; புழு சரிந்த பிறகும் சில ஆண்டு குளவிகளின் கை ஓங்கியிருக்கும். இந்தப் பின்தங்கல்தான் அலையை உண்டாக்குகிறது. எனக்கு ரொயாமாவின் விளக்கமே கூடுதல் பொருத்தமாகப் படுகிறது. ஆனால் பறவைகளையும் இலைப்பரப்பையும் முழுவதும் தள்ளிவிட முடியாது. விவாதம் இன்னும் முடியவில்லை.

குளவிகளைப் பற்றி இன்னொரு செய்தி. அவற்றில் சில வகைகளுக்கு மொட்டுப்புழு மட்டும் போதாது. புழு கிடைக்காத மாதங்களில் வேறு புழுக்கள் வேண்டும். அந்த வேறு புழுக்கள் பெரும்பாலும் பிர்ச், மேப்பிள் போன்ற அகன்ற இலை மரங்களில் வாழ்பவை. அதனால்தானோ என்னவோ, அத்தகைய மரங்கள் கலந்து நிற்கும் காட்டில் ஃபிர் மரங்களுக்குச் சேதம் குறைவாக இருக்கிறது. வெட்டுமரம் தராத மரம் எதற்கு என்று அவற்றை ஒழித்துவிட்டு ஃபிர்ரை மட்டும் வளரவிட்டவர்களுக்கு இது கசப்பான செய்தி.

எதிர்த்துப் போராடிய கதை நீளமானது, சுருக்கமாகவே சொல்கிறேன். 1952-ல் நியூ பிரன்ஸ்விக்கில் விமானங்கள் மூலம் டிடிடி என்ற பூச்சிக்கொல்லியைத் தெளிக்கத் தொடங்கினார்கள். 1954-ல் மிராமிச்சி ஆற்றில் சால்மன் மீன்குஞ்சுகள் கூட்டம் கூட்டமாகச் செத்தன. பூச்சிக்கொல்லிகளின் கேட்டைச் சொல்லி ரேச்சல் கார்சன் 1962-ல் வெளியிட்ட சைலன்ட் ஸ்பிரிங் நூலில் அந்த ஆறு ஒரு முக்கியச் சாட்சி. 1960-களின் முடிவில் டிடிடி நின்றது. வேறு ரசாயனங்கள் வந்தன. அவற்றால் பறவைகள் பாதிக்கப்பட்டன. இப்போது பெரிதும் பயன்படுவது பேசில்லஸ் துரிஞ்சியென்சிஸ் என்ற மண் பாக்டீரியாவின் குர்ஸ்டாகி என்ற வகை. அந்துப்பூச்சி, பட்டாம்பூச்சி இனப் புழுக்கள் அதைத் தின்றால் குடல் கெட்டுச் சாகும். மீனுக்கோ பறவைக்கோ ஒன்றும் ஆகாது. நம் ஊர் பி.டி. பருத்தியில் உள்ள பி.டி. இதே பாக்டீரியாதான், அதன் மரபணுவைச் செடிக்குள் வைத்தது அங்கே, பாக்டீரியாவையே காட்டின் மேல் தெளிப்பது இங்கே. தெளிக்கும் நாளும் முக்கியம். மொட்டு விரிந்து புழு வெளியே தெரியும் சில நாட்களுக்குள் தெளித்தால்தான் பலன். திரும்பவும் அதே நேரக்கணக்கு.

முன்பெல்லாம் இலையைக் காப்பாற்றத் தெளித்தார்கள். பூச்சி பெருகிய பிறகு. 2014 முதல் நியூ பிரன்ஸ்விக் உள்ளிட்ட கனடாவின் அட்லாண்டிக் மாகாணங்களில் வேறொரு வழியை முயன்றுவருகிறார்கள். குளிர்காலத்தில் கிளைகளை வெட்டி ஆய்வகத்துக்குக் கொண்டுவந்து, உறங்கும் புழுக்களைக் கழுவி எடுத்து எண்ணுகிறார்கள். எண்ணிக்கை ஏறத் தொடங்கிய சின்னச் சின்ன இடங்களை மட்டும் அந்த வசந்தத்திலேயே தெளித்து அடக்கிவிடுகிறார்கள். இதுவரை பலன் தெரிகிறது. பக்கத்து மாகாணமான கியூபெக்கில் பெருக்கம் பெரிதாக வளர்ந்தபோதும் நியூ பிரன்ஸ்விக் அந்த அளவுக்குப் போகவில்லை.

மரத்தொழிலை நம்பி வாழும் ஊர்களுக்கு இந்தப் புழு எதிரிதான், அதில் சந்தேகமில்லை. காட்டின் பக்கம் நின்று பார்த்தால் கணக்கு மாறுகிறது. ஃபிர் மரத்தின் நிழலில் அதன் கன்றுகளே ஆண்டுக்கணக்கில் குட்டையாக நின்று வெளிச்சத்துக்குக் காத்திருக்கும். பெருக்கத்தில் பெரிய மரங்கள் சாய்ந்ததும் அவை எழும்பி வளரும். முப்பது நாற்பது ஆண்டில் அடுத்த ஃபிர் காடு தயார், அடுத்த பெருக்கத்துக்கும் தயார். கேப் மே, டென்னசி, பே-பிரெஸ்டட் எனப்படும் சிறு பாடும்பறவை இனங்கள் மூன்றும் புழு பெருகும் ஆண்டுகளில் கூடுதல் குஞ்சுகளை வளர்க்கின்றன. குளிர்காலத்தில் கரீபியன் தீவுகளிலும் மத்திய அமெரிக்காவிலும் பறக்கும் இந்தப் பறவைகளின் எண்ணிக்கை கனடாவின் ஒரு புழுவோடு சேர்ந்து ஏறி இறங்குகிறது. கியூபெக் ஏரிகளின் அடிச்சேற்றைத் துளைத்து எடுத்தால், ஆயிரக்கணக்கான ஆண்டுகளுக்கு முந்தைய படிவுகளிலும் இந்தப் பூச்சியின் இறக்கைச் செதில்கள் கிடைக்கின்றன. பனியுகம் முடிந்து காடு வந்ததிலிருந்தே இந்த ஏற்ற இறக்கம் நடந்துகொண்டிருக்கிறது.

இப்போது மாறிக்கொண்டிருப்பது இடம். பூச்சியின் எல்லையை இரண்டு பக்கமும் தட்பவெப்பம் பிடித்து வைத்திருக்கிறது. வடக்கே கோடை குறுகலானது. முட்டை பொரிந்து புழு கூடு பின்னி முடிப்பதற்குள் குளிர் வந்துவிடும். தெற்கே எதிர்ப்பக்கச் சிக்கல்: இலையுதிர்காலம் நீளமாகவும் வெப்பமாகவும் இருந்தால், ஒன்றும் தின்னாமல் உறங்கும் புழுவின் சேமிப்பு வசந்தத்துக்கு முன்பே கரைந்துபோகும். வெப்பம் கூடக்கூட இரண்டு எல்லைகளும் வடக்கே நகர்கின்றன. கியூபெக்கில் 2006-ல் தொடங்கிய பெருக்கம், முந்தையவற்றை விட வடக்கே, செயின்ட் லாரன்ஸ் ஆற்றின் வடகரையில் பே-கோமோ நகரத்தை ஒட்டித்தான் கிளம்பியது.

அங்கே நிற்பது பெரும்பாலும் கறுப்பு ஸ்ப்ரூஸ், தாமதத்தால் தப்பித்துவந்த அதே மரம். வசந்தம் முன்கூட்டி வந்தால் அதன் மொட்டும் முன்கூட்டி விரியும். புழுவுக்கும் அதற்கும் இருந்த இரண்டு வார இடைவெளி சுருங்கும் என்று ஆய்வாளர்கள் எதிர்பார்க்கிறார்கள். ஃபிர் போல நிழலில் காத்திருக்கும் கன்றுகளை நம்பி வாழும் மரமல்ல அது. கூம்புகளைக் கிளையிலேயே பல ஆண்டுகள் மூடிவைத்திருந்து, காட்டுத்தீ வந்து போன பிறகு விதையைக் கொட்டி மீண்டும் முளைக்கும். மொட்டுப்புழு அதன் பூக்களையும் இளங்கூம்புகளையும் தின்கிறது. அப்படித் தின்னப்பட்ட காட்டில் சில ஆண்டுக்குள் தீயும் பிடித்தால் கொட்டுவதற்கு விதை இருக்காது. கியூபெக்கில் அவ்வாறு புழுவும் தீயும் அடுத்தடுத்து வந்த சில இடங்களில், அடர்ந்த ஸ்ப்ரூஸ் காடு இருந்த தரையில் இன்று பாசி போலத் தரையில் படரும் வெளிறிய லைக்கன் விரிப்பும் அங்கங்கே ஒற்றை மரங்களும்தான் இருக்கின்றன.